மடிக்கணினி இரைச்சல் போடுதா?

நம்ம குழுக்களோட சேமிப்பு, கடன் கணக்கு ஏத்துற மடிக்கணினி சில நேரம் மாவு மில் மாதிரி இரையும். உள்ளே சூட்டை வெளியேற்ற ஒரு சின்ன ஃபேன் இருக்கு. தூசி அடைச்சா சூடு ஏறும். ஃபேன் இன்னும் வேகமா சுத்தும்.

பேருதான் மடிக்கணினி, மடியிலயோ மெத்தையிலயோ வைக்காதீங்க! பலகை மேல வைப்போம். அப்பவும் இரைஞ்சா, அணைத்து, சார்ஜரைக் கழற்றி, ஆறினதும் காற்றுத் துவாரங்களைக் காய்ந்த மெல்லிய பிரஷ்ஷால் துடைப்போம். ஈரத்துணி கூடாது. வாயால ஊதினாலும் எச்சில் உள்ளே போயிடும்.

கரகரன்னு உரசினால் ஃபேன் பேரிங் தேய்ந்திருக்கலாம். தேங்காய் எண்ணெய் விட்டுப் பார்க்காதீங்க. ஃபேன் நின்றால் சூட்டில் கணினி தானாக அணையும். சேமிக்காத தவணைக் கணக்கு போயிடும். அதனால முதலில் கணக்கைப் பென் டிரைவில் நகல் எடுத்துவிட்டு, பிறகு மெக்கானிக்கிடம் கொடுத்து ஃபேனை மாற்றுவோம்.