ராத்திரி சத்தத்தால் தூக்கம் போச்சா? சட்டம் உங்க பக்கம்தான்

1945-ல் வெளியாகி ஆஸ்கர் வென்ற 'குவைட் பிளீஸ்!' டாம் அண்ட் ஜெர்ரி கார்ட்டூன் ஞாபகம் இருக்கா? ஸ்பைக் என்ற நாய்க்குத் தூங்கணும். இனி ஒரு சத்தம் கேட்டாலும் தொலைச்சுடுவேன்னு டாமை மிரட்டிவிட்டுப் படுக்கிறது. ஜெர்ரி வேணும்னே சத்தம் எழுப்ப, அதை அடக்க டாம் படாதபாடு படுகிறது. சத்தம் போடுவது ஜெர்ரி, அல்லாடுவது டாம்!

ராத்திரி 11 மணிக்குத் தெருவில் ஸ்பீக்கர் அலறும்போது நாமும் டாம் மாதிரிதான். ஜன்னலை மூடுறோம், காதில் பஞ்சு வைக்கிறோம். லீவு கிடைச்சா அமைதி தேடி இடுக்கி மலைக்குப் போறோம். ஆனா, சத்தத்தை அடக்கும் பொறுப்பு உங்களுடையது இல்லை.

எவ்வளவு சத்தம் வரை ஓகே?

2000-ம் ஆண்டின் ஒலி மாசு விதிகள்படி, குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல், இரவு 10 முதல் காலை 6 மணி வரை 45 டெசிபல்தான் வரம்பு. 10 டெசிபல்தானே வித்தியாசம்னு நினைக்காதீங்க. டெசிபல் கணக்கில் 10 கூடினா, ஒலியின் ஆற்றல் 10 மடங்கு கூடுதுன்னு அர்த்தம்.

இரவில் எதற்கெல்லாம் தடை?

திறந்தவெளி ஒலிபெருக்கி, குடியிருப்புப் பகுதியில் ஹாரன், சத்தம் எழுப்பும் கட்டுமான இயந்திரங்கள், வெடிகள். திருவிழா, பண்டிகைகளுக்காக ஆண்டுக்கு அதிகபட்சம் 15 நாள், நள்ளிரவு 12 மணி வரை ஒலிபெருக்கிக்கு மாநில அரசு விலக்கு தரலாம்.

சாமி விஷயம்னா?

சென்னை கே.கே.ஆர். நகரில் ஒரு தேவாலயத்தின் ஒலிபெருக்கி தொடர்பான வழக்கில், 2000-ல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: அடுத்தவர் அமைதியைக் கெடுத்து வழிபடச் சொல்லும் மதம் எதுவும் இல்லை. இது எல்லா மதத்துக்கும் பொருந்தும். விருப்பமில்லாதவரைக் கேட்க வைக்க யாருக்கும் உரிமை இல்லைன்னு 2005 தீர்ப்பும் சொல்கிறது.

நீங்க என்ன செய்யலாம்?

வரம்பைவிட 10 டெசிபல் அதிகமானாலோ, இரவுத் தடையை மீறினாலோ புகார் தரலாம். இரவுத் தடையை மீறும் ஸ்பீக்கருக்கு டெசிபல் அளவு காட்டணும்னு அவசியமில்லை. மணி 10-ஐத் தாண்டினாலே போதும். 112-ஐ அழைச்சு இடம், நேரம், எங்கிருந்து சத்தம் வருதுன்னு சொல்லுங்க. வீடியோ எடுத்து வைங்க.

ஸ்பைக் மாதிரி அடிதடிக்குப் போக வேண்டாம். டாம் மாதிரி அல்லாடவும் வேண்டாம்.