பிழைத்தவர் கணக்கு

ஸ்கூட்டரிலிருந்து விழுந்தவரைப் பார்க்க ஆஸ்பத்திரிக்குப் போகிறவர்கள், "தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று" என்று ஆறுதல் சொல்வது வழக்கம். நாலு சாத்துக்குடிப் பழங்களைக் கட்டில் அருகே வைத்துவிட்டு, பகவான் காப்பாற்றினார் என்று திருப்தியுடன் வீடு திரும்புவார்கள். மாவுக்கட்டைப் பிரிக்கிற தினத்தோடு விபத்தின் கதை முடிந்துவிட்டதாகவே உலகம் எண்ணுகிறது. மூன்று வருஷம் கழிந்த பின்னும் மாடிப்படி ஏறும்போது அந்த முழங்கால் மடங்க மறுக்கிறதே, அது யார் கணக்கில் சேரும்?

2022-ம் வருஷத்தில் இந்தியாவின் சாலைகளில் 4,61,312 விபத்துக்கள் நேர்ந்தன என்று மத்திய சர்க்காரின் அறிக்கை கூறுகிறது. மாண்டவர்கள் 1,68,491 பேர். அவர்களில் நூற்றுக்கு நாற்பத்து நாலு பேருக்கு மேல் இரு சக்கர வண்டிகளில் சென்றவர்கள். காயமுற்றவர்கள் 4,43,366 பேர். கணக்கு அந்த இடத்தில் நின்றுவிடுகிறது. காயமுற்ற அந்த நாலரை லட்சம் பேரில் எத்தனை பேருக்குக் கால் விந்தியது, எத்தனை பேருக்குக் கை விளங்காமற் போயிற்று என்று தேடினால் அந்த அறிக்கையில் விடை கிடைக்காது.

இத்தகைய கணக்கை எழுதுவதற்கு ஒரு பாஷை இல்லாமல் இல்லை. சர்வதேச நோய்ப் பட்டியல் என்று ஒன்று இருக்கிறது. ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் ஓர் எழுத்தும் சில இலக்கங்களும் கொண்ட குறியீடு அதில் உண்டு. பாரிஸ் நகரத்துப் புள்ளிவிவர நிபுணர் ழாக் பெர்டில்லான் 1893-ல் தயாரித்த பட்டியலே அதன் மூலம். அது செத்தவர்களுக்காக ஏற்பட்ட பட்டியல். மரணத்தின் காரணங்களை மட்டுமே சொல்லிற்று. நம் தேசம் விடுதலை அடைந்ததற்கு மறு வருஷமாகிய 1948-ல், ஆறாவது தடவையாகத் திருத்தியபோதுதான், உயிரோடிருப்பவர்களின் நோய்களுக்கும் அதில் முறையாக இடம் கிடைத்தது. எமதர்மராஜனுடைய சித்திரகுப்தனோ, மனிதர் உயிரோடிருக்கும்போதே அவர்களுடைய பாவ புண்ணியங்களை எழுதி வைப்பவன்!

அமெரிக்கா தன் தேவைக்கேற்ப விரித்து, 2015 அக்டோபர் முதல் கையாளும் பட்டியலில் ஒரு நல்ல ஏற்பாடு இருக்கிறது. காயத்தின் குறியீட்டுக்கு ஏழாவது இடத்தில் ஓர் எழுத்து வரும். காயத்துக்கு நேரடியான சிகிச்சை நடக்கும் வரை 'ஏ'. ஆறிவரும் காலத்தில் 'டி'. காயம் ஆறிய பின்னும் அதனால் விளைந்த தொல்லை நிலைத்திருந்தால் 'எஸ்'. அப்போது முதலில் எழுத வேண்டியது இன்றைய தொல்லை. அடுத்தபடி பழைய காயம், 'எஸ்' என்ற வாலுடன். உதாரணமாக, முழங்கால் மூட்டை ஒட்டிய எலும்பு முறிந்து கூடிய ஒருவருக்குச் சில வருஷங்களுக்குப் பின் மூட்டு தேய்ந்து வாதம் வந்தால், மூட்டுத் தேய்வின் குறியீடு முன்னே நிற்கும். எலும்பு முறிவு பின்னே நிற்கும். விபத்து எப்படி நேர்ந்தது என்பதற்கும் தனிக் குறியீடு உண்டு; அதுவும் அதே வாலைச் சூடிக்கொள்ளும். இத்தனை வருஷத்துக்குள் என்று எல்லை கிடையாது. உலக சுகாதார ஸ்தாபனத்தின் பத்தாவது பட்டியலோ, காயம் பட்டு ஒரு வருஷமோ அதற்கு மேலோ கழித்தும் இருக்கும் கோளாறுகளைப் பின்விளைவு என்று கொள்கிறது.

ஸ்கூட்டர் என்ற ஒரு சொல் இந்தப் பட்டியலில் படுத்தும் பாடு வேடிக்கையானது. நாம் பால் வாங்கப் போகிற வண்டி, மோட்டார் சைக்கிள்காரர்களின் 'வி 20' முதல் 'வி 29' வரையுள்ள வரிசையில் சேரும். ஒரு காலால் தரையை உந்திக் குழந்தைகள் ஓட்டுவதும் ஸ்கூட்டர்தான். ஆனால் அது பாதசாரிகளின் பகுதியில், 'வி 00.14' என்ற இடத்தில் இருக்கிறது. நடக்க மாட்டாத முதியவர்களின் மின்சார வண்டிக்கு 'வி 00.83'. நின்றுகொண்டே ஓட்டும் மின்சார ஸ்கூட்டருக்கு 2020 அக்டோபரில் 'வி 00.84' என்று புது இடம் ஒதுக்கினார்கள். வண்டியை ஓட்டியவருக்கு ஓர் இலக்கம், பின்னால் உட்கார்ந்து வந்தவருக்கு இன்னோர் இலக்கம். நம் ஊரில் தகப்பனாருக்கு முன்னால் நின்றுகொண்டு கண்ணாடியைப் பிடித்து வரும் குழந்தைக்குத் தனி இலக்கம் இல்லை. அப்படியும் ஒரு பிரயாணம் உண்டு என்று பட்டியல்காரர்கள் கனவிலும் நினைக்கவில்லை போலும்.

இந்த நுட்பங்களை எல்லாம் மனப்பாடமாக அறிந்தவர்கள் சென்னையில் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். மெடிக்கல் கோடிங் என்ற தொழிலில் அமர்ந்து, அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் குறிப்புக்களைப் படித்துக் குறியீடு இடும் நம் யுவதிகளும் இளைஞர்களுமே அவர்கள். எங்கோ ஓஹையோவில் விழுந்தவரின் பழைய வலிக்கு அவர்கள் பிழையின்றி 'எஸ்' போடுகிறார்கள். வேலை முடிந்து தங்கள் ஸ்கூட்டரில் ஏறி, இதே ஊரின் சாலைகள் வழியாக வீடு திரும்புகிறார்கள். நம் பெரிய ஆஸ்பத்திரிகளில் படுக்கை நோயாளிகளுக்குக் குறியீடு எழுதும் வழக்கம் உண்டு. ஆனால் பின்விளைவுக்காரர் வருவது வெளி நோயாளிச் சீட்டுடன் அல்லவா? அதில் பெரும்பாலும் 'முழங்கால் வலி' என்ற இரண்டு சொற்களும் ஒரு மாத்திரையின் பெயருமே இருக்கும். பிறர் தேசத்து வலியை எழுதக் கற்ற கை நம்மிடம் இருக்கும்போது, நம் வலி எழுதப்படாமலே போவது எனக்குச் சரியாகப் படவில்லை.

எழுதப்படாமற் போகும் துன்பங்கள் சாமானியமானவை அல்ல. வண்டியிலிருந்து தூக்கி எறியப்படுகிறவரின் தோள் தரையில் மோதித் தலை மறுபுறம் சாய்ந்தால், கழுத்திலிருந்து கைக்கு இறங்கும் நரம்புக் கொத்து இழுபட்டு அறுந்துபோகக்கூடும். தலைக்கவசம் மண்டையைக் காக்கும். இந்த நரம்புகளைக் காக்காது. எலும்பு சில வாரங்களில் கூடிவிடும். கையோ துவண்டு தொங்கும். சில மாதங்களுக்குள் அறுவைச் சிகிச்சை செய்யாவிட்டால் பலன் குறைந்துகொண்டே போகும். மண்டையில் பட்ட அடியால் மோப்பம் அற்றுப்போகிறவர்களும் உண்டு. வெளிப்பார்வைக்கு அவர்களிடம் ஒரு குறையும் தெரியாது. அடுப்பில் பால் பொங்கிக் கருகுவதையோ, காஸ் கசிவதையோ அவர்கள் அறியமாட்டார்கள். இதற்கும் 'ஆர் 43.0' என்று குறியீடு இருக்கிறது.

நஷ்ட ஈடு கேட்டு நியாய ஸ்தலத்துக்குப் போகும்போது இந்த எழுத்தின் அருமை விளங்கும். அங்கத்தின் ஊனம் நூற்றுக்கு எத்தனை என்பது வேறு, சம்பாதிக்கும் சக்தியில் நஷ்டம் எத்தனை என்பது வேறு என்று சுப்ரீம் கோர்ட்டு 2010-ல் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. இடது கையை இழந்த தச்சருக்குப் பிழைப்பே போய்விடலாம்; சர்க்கார் குமாஸ்தாவுக்கு உத்தியோகம் நிலைக்கலாம். ஆனால் இந்தத் தர்க்கம் எல்லாம், ஊனம் அந்த விபத்தினால் வந்தது என்று நிலைநாட்டிய பிறகே.

அதற்கு வேண்டியது வைத்தியரின் கையெழுத்தில் ஒரு வாக்கியம். குறியீடு இடுகிறவர் தாமாக ஊகிக்கக் கூடாது என்பது தொழிலின் விதி. வைத்தியர் 'மூட்டு வலி' என்று மட்டும் எழுதினால் அது வயதினால் வந்த வலியோடு சேர்ந்துவிடும். 'முன்பு ஸ்கூட்டரிலிருந்து விழுந்து எலும்பு முறிந்ததன் விளைவு' என்று எழுதினால்தான் இரண்டும் பிணைபடும். வைத்தியருக்கு ஜோசியம் தெரியாது. நாம் சொன்னால்தான் எழுதுவார். ஆகையால், விபத்தின் போது ஆஸ்பத்திரியில் கொடுத்த விடுவிப்புச் சீட்டையும் எக்ஸ்ரே படங்களையும் வீட்டுப் பத்திரங்களோடு பத்திரப்படுத்துங்கள். எத்தனை வருஷம் சென்று போனாலும் அந்தச் சீட்டை எடுத்துச் சென்று, விழுந்த தேதியையும், பட்ட இடத்தையும், ஓட்டினீர்களா பின்னால் உட்கார்ந்திருந்தீர்களா என்பதையும் சொல்லி எழுதச் சொல்லுங்கள்.