ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டுக் காசு

அண்மையில் பேராக்கில் ஒரு செம்பனைத் தோட்டத்துக்குச் சங்க வேலையாகப் போயிருந்தோம். பிரட்டுக் களத்தில் பேச வேண்டியதைப் பேசி முடித்து மோட்டார் சைக்கிளை எடுக்கப் போனபோது, பழைய தோழர் ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டார். "தம்பி, வீட்டுக்கு வந்து ஒரு தேத்தண்ணி குடிச்சிட்டுத்தான் போகணும். ஒரு கடுதாசி இருக்கு, பாத்துச் சொல்லணும்" என்றார்.

அண்ணனுக்கு 59 வயது. குலை வெட்டியே முதுகு வளைந்த மனிதர். அடுத்த வருடம் 60 முடிந்ததும் வேலை ஓய்வு. அதோடு லயத்து வீட்டையும் காலி செய்து சாவியை ஆபீசில் கொடுத்தாக வேண்டும். அவருடைய அப்பா பால்மரம் வெட்டினார், இவர் குலை வெட்டினார். இரண்டு தலைமுறை உழைத்தும் சொந்தமாக ஒரு சாண் மண் கிடையாது. இந்தக் கதை நம் வாசகர்களுக்குப் புதிதல்ல. எத்தனை லயத்தில் பார்த்துவிட்டோம்!

ஆகவே வீடு வாங்க முடிவு செய்துவிட்டார்கள். பக்கத்துப் பட்டணத்தில் தரை வீடு, விலை 167,000 வெள்ளி. அண்ணனின் சேமநிதிப் பணத்திலிருந்து 17,000 முன்பணம். பாக்கி 150,000 வெள்ளிக்கு, தொழிற்சாலையில் வேலை செய்யும் 28 வயது மகன் பேரிலும், இன்னும் தோட்டத்தில் வேலை செய்யும் அக்கா பேரிலுமாக பேங்கில் கடன். கடன் காலம் 35 வருடம். வட்டி 4.5 விழுக்காடு. மாதத் தவணை 710 வெள்ளி.

"ஏஜெண்டு நல்ல பையன் தம்பி. பட்டணத்துல வாடகைக்குப் போனாலே ஐந்நூறு அறுநூறு கொடுக்கணும், அதோட நூறு போட்டா வீடு உங்களுக்கே சொந்தம்னு சொன்னான்" என்றார் அண்ணன்.

ஏஜெண்டு சொன்னது பொய்யில்லை. ஆனால் முழுக் கணக்கும் இல்லை. அவன் மாதத்தைச் சொன்னான், வருடத்தைச் சொல்லவில்லை. நாம் காலண்டர் தாள் ஒன்றைக் கிழித்து, மகனின் கைத்தொலைபேசியில் பெருக்கிப் பார்த்தோம். 35 வருடம் என்றால் 420 மாதம். மாதம் 709 வெள்ளி 89 காசு வீதம் 420 மாதம் கட்டினால் மொத்தம் 298,150 வெள்ளி சொச்சம். வாங்கிய கடன் 150,000. வட்டி மட்டும் 148,000க்கு மேல். ஒரு வீட்டைக் கட்டியவனுக்குக் கொடுக்கிறோம். கிட்டத்தட்ட அதே அளவு இன்னொரு வீட்டுக் காசைப் பேங்குக்குக் கொடுக்கிறோம்.

அக்கா வெற்றிலையை மடித்துக்கொண்டிருந்தவர் அப்படியே நிறுத்திவிட்டார். "நாலரை வட்டின்னுதானே சொன்னாங்க? நூத்துக்கு நாலரைதானே? அது எப்படி ரெண்டு மடங்கு ஆவும்?" என்று கேட்டார்.

நல்ல கேள்வி. நம் மக்களில் பாதிப்பேர் இந்த இடத்தில்தான் தடுமாறுகிறார்கள். நாலரை என்பது மொத்தத்துக்கு ஒரே ஒரு முறை போடுகிற வட்டி அல்ல. பாக்கி நிற்கிற கடனுக்கு வருடா வருடம் போடுகிற வட்டி. முதல் மாதத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 150,000 வெள்ளிக்கு வருட வட்டி 6,750. ஒரு மாதத்துக்கு 562 வெள்ளி 50 காசு. நீங்கள் கட்டுகிற 709 வெள்ளி 89 காசில் வட்டியை எடுத்துக்கொண்டு, மிச்சமுள்ள 147 வெள்ளி 39 காசுதான் கடனில் கழிகிறது. இரண்டாவது மாதம் கடன் கொஞ்சம் குறைவு, வட்டியும் சில காசுகள் குறைவு. இப்படி எறும்பு ஊர்வது போல் ஊர்ந்து, கடைசி வருடங்களில்தான் தவணையில் பெரும்பகுதி கடனுக்குப் போகும்.

ஐந்து வருடம் ஒரு மாதம் தவறாமல் கட்டுகிறீர்கள் என்று வையுங்கள். கையை விட்டுப் போனது 42,593 வெள்ளி. கடன் குறைந்தது எவ்வளவு தெரியுமா? 9,900 வெள்ளிகூட முழுசாக இல்லை. இன்னும் 140,100 வெள்ளி பாக்கி நிற்கும். "அஞ்சு வருசம் கட்டிட்டோம், பாதிக் கடன் முடிஞ்சிருக்கும்" என்று நினைத்துக்கொண்டு பேங்குக்குப் போய், பாக்கிக் கணக்கைப் பார்த்து அங்கேயே உட்கார்ந்துவிட்ட தோழர்களை நாம் பார்த்திருக்கிறோம். பேங்க் யாரையும் ஏமாற்றவில்லை. கணக்கே அப்படித்தான்.

அப்படியானால் வீடு வாங்கவே கூடாதா என்று சிலர் கோபப்படலாம். நாம் அப்படிச் சொல்ல வரவில்லை. லயத்தை விட்டு வெளியேறுகிறவனுக்குக் கூரை வேண்டும். வாடகை கொடுத்தால் அதுவும் போன பணம்தான். 35 வருடத்தில் வெள்ளியின் மதிப்பு குறையும், வீட்டு விலை ஏறலாம் என்று படித்தவர்கள் சொல்வதும் சரியே. ஆனால் குடியிருக்கிற வீட்டின் விலை ஏறினால் அதை விற்றுச் சாப்பிட முடியுமா? விற்றுவிட்டு எங்கே போவது? நாம் கேட்பதெல்லாம், கையெழுத்துப் போடுமுன் வருடத்துக்கும் ஒரு விலை உண்டு என்பதைத் தெரிந்துகொள்ளுங்கள் என்பதுதான்.

அந்த விலை எவ்வளவு என்று அங்கேயே போட்டுப் பார்த்தோம். அதே 150,000 வெள்ளி, அதே நாலரை வட்டி. 20 வருடத்தில் முடிப்பதென்றால் மாதம் 949 வெள்ளி. வட்டி 78,000க்குக் கொஞ்சம் குறைவு. 35 வருடக் கடனின் வட்டியில் ஏறக்குறைய பாதி! ஆனால் 949 வெள்ளி இந்தக் குடும்பத்தால் முடியாது. 2025இல் குறைந்தபட்சச் சம்பளம் 1,700 வெள்ளியாக உயர்ந்தது. அக்காவின் சம்பளம் அதை ஒட்டித்தான். அண்ணன் வேலையை விட்டதும் அவர் சம்பளமும் நின்றுவிடும். அரிசி, மீன், மருந்து, மகனின் மோட்டார் தவணை எல்லாம் இருக்கிறது. முடியாததைச் செய் என்று சொல்ல நாம் யார்?

சரி, 30 வருடம் என்றால்? மாதம் 760 வெள்ளி. 35 வருடத் தவணையைவிட 50 வெள்ளிதான் அதிகம். ஆனால் மொத்தத்தில் மிச்சமாவது 24,500 வெள்ளி! இன்னொன்றையும் கவனியுங்கள். 28 வயதுப் பையன் 35 வருடக் கடன் எடுத்தால் 63 வயதில்தான் முடியும். 60 வயதில் வேலை ஓய்வு. பிறகு மூன்று வருடத் தவணையை எதிலிருந்து கட்டுவான்? 30 வருடம் என்றால் 58இல் முடிந்துவிடும். அப்பாவுக்கு 60இல் லயம் போகிறது என்று வீடு வாங்கப் போய், மகன் 60க்கு மேலும் கடனோடு நிற்பதா?

அந்தத் தம்பி இதுவரை வாய் திறக்கவில்லை. இப்போது கேட்டான்: "அங்கிள், 35 வருசமே எடுத்துட்டு, கையில காசு இருக்கிற மாசம் கூடக் கட்டினா?"

கெட்டிக்காரப் பையன். அதுவும் நல்ல வழிதான். முதல் மாதத்திலிருந்தே 100 வெள்ளி கூடக் கட்டி வந்தால், 35 வருடக் கடன் 26 வருடம் 5 மாதத்தில் முடிந்துவிடும். மிச்சம் 41,500 வெள்ளி. ஆனால் இதில் ஒரு பொறி இருக்கிறது. அதில் நாமே விழுந்திருக்கிறோம். வெட்கத்தை விட்டுச் சொல்கிறோம்.

நாம் வீடு வாங்கிய புதிதில் வயிற்றைக் கட்டி வாயைக் கட்டி மாதா மாதம் 100 வெள்ளி கூடக் கட்டினோம். நாலு வருடம் கழித்துப் பாக்கியைக் கேட்டால், கடன் நாம் நினைத்தபடி குறையவில்லை. விசாரித்தபோது, நாம் கூடக் கட்டியதையெல்லாம் 'முன்கூட்டிக் கட்டிய தவணை' என்று தனியே வைத்திருந்தார்களாம். வருகிற மாதங்களின் தவணைக்கு அது காத்திருந்ததே தவிர, கடனைக் குறைக்கவில்லை, வட்டியையும் குறைக்கவில்லை. "முதலைக் குறைக்கணும்னு நீங்க எழுதிக் கொடுக்கலையே" என்றார் கவுண்டரில் இருந்த பெண். ஒப்பந்தத்தில் எழுதியிருக்கிறது, படிக்காதது நம் தப்பு. ஊருக்கெல்லாம் சட்டம் சொல்கிறவர் தன் கடுதாசியைப் படிக்கவில்லையே என்று வீட்டில் இன்றும் பேச்சு வாங்குகிறோம்.

எல்லாக் கடனும் ஒரே மாதிரி இல்லை. சில கடனில் கூடக் கட்டுவது தானாகவே வட்டியைக் குறைக்கும். சிலவற்றில் ஒவ்வொரு முறையும் எழுதிக் கொடுக்க வேண்டும். ஆகவே, "நான் கூடக் கட்டினால் அது முதலைக் குறைக்குமா, அதற்கு என்ன பாரம்?" என்று கையெழுத்துக்கு முன்பே கேளுங்கள். முதல் சில வருடங்களுக்குள் கடனை முழுதாக அடைத்தால் அபராதம் உண்டா என்பதையும் சேர்த்துக் கேளுங்கள்.

வட்டி நாலரையிலேயே நிற்கும் என்றும் எண்ணிவிடாதீர்கள். பேங்க் நெகாரா தன் அடிப்படை வட்டியை ஏற்றினால் உங்கள் தவணையும் ஏறும், இறக்கினால் இறங்கும். 2020 ஜூலையில் அது 1.75 விழுக்காடு. 2022 மே மாதத்திலிருந்து ஒரே வருடத்தில் ஐந்து முறை ஏற்றி 2023 மே மாதத்தில் 3 விழுக்காட்டுக்குக் கொண்டுபோனார்கள். 2025 ஜூலையில் 2.75க்கு இறக்கினார்கள். இதே 150,000 வெள்ளிக் கடனுக்கு மூன்றேகால் வட்டியில் தவணை 598 வெள்ளி, நாலரையில் 710, ஐந்தரையில் 806. கையைக் கடிக்கிற அளவுக்குத் தவணையை வைத்துக்கொண்டால், ஒரு ஏற்றம் வந்தாலே குடும்பம் ஆடிப்போகும்.

இந்தக் கணக்கையெல்லாம் நீங்கள் காலண்டர் தாளில் போட வேண்டியதில்லை. மலாயில் 'ஹெலாயான் பெண்டெடாஹான் புரோடக்' என்று ஒரு விளக்கத் தாள் உண்டு. கடன் கேட்கிறவருக்குப் பேங்க் அதைக் கொடுக்க வேண்டும். மாதத் தவணை, முடிவில் கட்டியிருக்கும் மொத்தத் தொகை, வட்டி ஏறினால் தவணை எவ்வளவு ஆகும் என்பதெல்லாம் அதில் இருக்கும். அண்ணன் நம்மிடம் காட்டிய கட்டில் அந்தத் தாளும் இருந்தது. யாரும் புரட்டியதாகத் தெரியவில்லை.

அதே கட்டில் இன்னொன்றும் கண்ணில் பட்டது. கடன் எடுத்தவர் இறந்துவிட்டால் பாக்கியை அடைக்கும் காப்புறுதி. இது வேண்டாம் என்று சொல்ல மாட்டோம். சம்பாதிக்கிறவன் போன பின் குடும்பம் தெருவுக்கு வராமல் காப்பது இது. ஆனால் அதன் கட்டணத்தையும் கடனோடு சேர்த்துவிடுகிறார்கள். 6,000 வெள்ளிக் கட்டணத்தை 35 வருடக் கடனில் சேர்த்தால், அதற்கும் வட்டி ஓடி 11,900 வெள்ளிக்கு மேல் கட்டுவீர்கள். கையில் காசிருந்தால் ரொக்கமாகக் கட்டுவது மேல். காப்புறுதி யார் பேரில் என்றும் பாருங்கள். இரண்டு பேர் கடனில் ஒருவர் பேரில் மட்டும் எடுத்தால், மற்றவர் இறக்கும்போது உதவாது.

சேமநிதி பற்றி அண்ணன் கேட்டார். மகனின் 'செஜாத்திரா' கணக்கிலிருந்து எடுத்துக் கடனைக் குறைக்கலாமா என்று. எடுக்கலாம், சட்டம் அனுமதிக்கிறது. ஆனால் அவசரம் வேண்டாம். சேமநிதி வாரியம் 2024ஆம் ஆண்டுக்கு 6.30 விழுக்காடு லாப ஈவு கொடுத்தது. ஆறேகால் சம்பாதிக்கிற பணத்தை எடுத்து நாலரைக் கடனை அடைப்பது கணக்குப்படி லாபமில்லை. ஈவு வருடா வருடம் ஏறி இறங்கும் என்பதும் உண்மைதான். தவணை கட்ட முடியாமல் திண்டாடும் நிலை வந்தால் எடுக்கட்டும். அதுவரை அந்தப் பணம் பையனின் கிழ வயதுக்கு இருக்கட்டும் என்பது நம் கருத்து.

தவணை தவறினால் என்ன ஆகும் என்பதை அக்காவுக்காகச் சொன்னோம், அவரும் கையெழுத்துப் போடுகிறவர் அல்லவா? வீடு ஏலத்துக்குப் போகும். ஏலத்தில் வந்த பணம் கடனுக்குப் போதாவிட்டால், வீடும் போய், மீதிக் கடனும் இரண்டு பேர் தலையிலும் நிற்கும். அந்த அளவுக்குப் போகுமுன், இரண்டு மாதம் தடுமாறும்போதே பேங்குக்குப் போய்ப் பேச வேண்டும். ஏ.கே.பி.கே. என்ற கடன் ஆலோசனை நிறுவனம் 2006இல் பேங்க் நெகாராவால் தொடங்கப்பட்டது. அங்கே ஆலோசனை இலவசம். ஆலோங்கிடம் வாங்கித் தவணை கட்டுவதை மட்டும் கனவிலும் நினைக்காதீர்கள்.

தேத்தண்ணி ஆறிப்போயிருந்தது. சொந்த வீட்டுக்குப் போனால் இன்னும் என்னென்ன செலவு என்று அக்கா விரல் விட ஆரம்பித்தார். வீட்டு வரி, நில வரி, தீக் காப்புறுதி, கூரை ஒழுகினால் நாமே பார்க்க வேண்டும், பட்டணத்திலிருந்து தோட்டத்துக்கு வர தினமும் எண்ணெய். லயத்தில் தகரம் ஓட்டையானால் கிராணியிடம் சொன்னால் போதும், எப்போதாவது வந்து பார்ப்பார்கள். நாம் யோசிக்காத கணக்கு இது. ஒத்துக்கொள்கிறோம்.

கடைசியில் 30 வருடத்துக்கு மாற்றிக் கேட்பது என்று மூன்று பேரும் பேசி வைத்தார்கள். "அம்பது வெள்ளிதானே, எங்கயாச்சும் புடிச்சி வைக்கிறேன்" என்றார் அக்கா. எங்கே பிடித்து வைப்பார் என்று நாம் கேட்கவில்லை.

புதுத் தாள் வந்ததும், கையெழுத்துப் போடுமுன் நமக்குப் படம் எடுத்து அனுப்புவதாகத் தம்பி சொல்லியிருக்கிறான். காத்திருக்கிறோம்.