உங்களுக்குத் தெரியுமா? புற்றுக்குள் ஒரு பல்லி

டியூப் லைட் ஓரம் உச்சுக் கொட்டும் பல்லியைத் தாம்பரத்தில் தெரியாதவர் இல்லை. அதன் பங்காளி ஒன்று வீட்டு வாசலையே மிதிக்காமல் கல்லும் முள்ளுமான பொட்டலில் காலம் தள்ளுகிறது. பெயர் கறையான் புற்றுப் பல்லி. பகலில் கல்லடியிலோ புற்றுப் பொந்திலோ பதுங்கல், இருட்டியதும் தரையில் வேட்டை. புற்றும் வீடு, புற்றின் கறையானும் சாப்பாடு!

உடல் பழுப்பு, முதுகில் கருங்கரை கட்டிய வெளிர்ப் பட்டைகள். கிட்டத்தில் பார்த்தால் முதுகெங்கும் மும்முகப் பட்டை தீட்டினாற்போல் சிறு பருக்கள். 1802-இல் பிரெஞ்சு விலங்கியலாளர் தோதான் வைத்த அறிவியல் பெயரின் பின்பாதி, 'டிரைஎட்ரஸ்', இந்த மும்முகத்தைத்தான் சொல்கிறது. கண்ணுக்கு இமை கிடையாது. தூசி பட்டால் நாக்காலேயே துடைத்துக்கொள்ளும்.

பல்லாவரம், நன்மங்கலம், வண்டலூர்ப் பக்கத்துப் பாறையும் புதரும் இதற்குத் தோதான நிலம். அந்தப் பாறையும் லேசுப்பட்டதல்ல. கொல்கத்தாவில் கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கின் கல்லறைக்குப் போனது இந்த வட்டாரத்துக் கல்தான். அதை வைத்தே 1893-இல் புவியியலாளர் தாமஸ் ஹாலந்து இந்தப் பாறைக்கு 'சார்னோக்கைட்' என்று பெயரிட்டார்.

இந்தப் பல்லியின் பட்டையைப் பார்த்து 'விஷப் பல்லி' என்று துடைப்பத்தைத் தூக்குகிறவர்கள் உண்டு. பாவம், இந்தியப் பல்லி எதற்குமே விஷம் கிடையாது. பஞ்சாங்கத்தில் பலன் மட்டும் உண்டு!