குற்றம் நடந்த நாளில் வயது என்ன?

குற்றம் சாட்டப்பட்ட ஒருவர் இளஞ்சிறாரா என்பதை முடிவு செய்யும் நீதிமன்றம், அவர் முன்னிலைப்படுத்தப்படும் நாளின் வயதைப் பார்ப்பதில்லை. குற்றம் நடந்ததாகச் சொல்லப்படும் நாளில் அவருக்குப் பதினெட்டு வயது நிறைந்திருந்ததா என்பதையே பார்க்கிறது. 1986-ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஆண் பிள்ளைகளுக்குப் பதினாறாக இருந்த வரம்பை 2000-ஆம் ஆண்டுச் சட்டம் பதினெட்டாக உயர்த்தியது. எந்த நாளின் வயதைக் கணக்கில் கொள்வது என்பதில் தீர்ப்புகள் முரண்பட்டு நின்றதை, 2005-இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு, குற்றம் நடந்த நாளே என்று கூறித் தீர்த்து வைத்தது.

இந்தக் கணக்கைப் பொறுத்தே வழக்கின் போக்கு மாறுகிறது. பதினெட்டு நிறையாதவரின் வழக்கு, ஒரு நடுவரும் இரு சமூகப் பணியாளர்களும் கொண்ட இளைஞர் நீதிக் குழுமத்துக்குச் செல்லும். அங்கே விதிக்கக்கூடிய உச்ச அளவு, சிறப்பு இல்லத்தில் மூன்றாண்டுத் தங்கல். பதினாறு முதல் பதினெட்டு வயதுக்குள் இருப்பவர், குறைந்தது ஏழாண்டு தண்டனைக்குரிய கொடுங்குற்றத்தில் சிக்கினால், முதற்கட்ட மதிப்பீட்டுக்குப் பின் அவரை வயது வந்தவரைப் போல் விசாரிக்க வழியுண்டு என்றாலும், தூக்குத் தண்டனையோ, விடுதலைக்கு இடமற்ற ஆயுள் தண்டனையோ விதிக்க முடியாது.

வயதை நிறுவும் முறையை 2015-ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டம் 94-ஆம் பிரிவில் வரிசைப்படுத்துகிறது. தோற்றத்திலேயே சிறுவர் என்பது தெளிவாகத் தெரிந்தால் அதைப் பதிவு செய்துகொண்டு குழுமம் மேலே செல்லலாம். ஐயம் இருந்தால், பள்ளி தரும் பிறந்த தேதிச் சான்றோ பத்தாம் வகுப்புத் தேர்வுச் சான்றோ முதலில் கேட்கப்படும். அவை இல்லாதபோது மாநகராட்சி, நகராட்சி அல்லது ஊராட்சி வழங்கிய பிறப்புச் சான்று பார்க்கப்படும். இவை எதுவுமே இல்லாதபோதுதான் மருத்துவப் பரிசோதனைக்கு உத்தரவிடலாம், அதுவும் பதினைந்து நாள்களுக்குள் முடிய வேண்டும்.

கம்பம் பள்ளத்தாக்கில் இந்த வரிசையின் ஒவ்வொரு படியிலும் சிக்கல் எழக்கூடும். கம்பம், கூடலூர், போடி ஆகிய ஊர்களிலிருந்து ஜீப்பில் ஏறி இடுக்கி மாவட்டத்தின் ஏலத் தோட்டங்களுக்கு வேலைக்குச் செல்லும் குடும்பங்களில், மலைமேல் பிறந்த பிள்ளையின் பிறப்புப் பதிவு கேரள ஊராட்சியில் இருக்கும், அல்லது எங்குமே இராது. பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கப் பாட்டி வரும்போது, அவர் சொல்லும் திருவிழாக் கணக்கை வைத்து, ஜூனில் ஐந்து வயது நிறையும்படி ஒரு மே மாதத் தேதி பதிவேட்டில் ஏறிவிடுவது பழைய வழக்கம். அந்தத் தோராயம் பின்னாளில் ஒருவரைச் சிறையிலிருந்து காக்கவும் கூடும், சிறைக்கு அனுப்பவும் கூடும்.

அப்படியிருந்தும் சட்டம் உடலைவிடத் தாளையே நம்புவதற்குக் காரணம் உண்டு. மணிக்கட்டு, முழங்கை, இடுப்பு எலும்புகளின் முனைகள் எந்த அளவுக்கு ஒட்டியிருக்கின்றன என்பதை எக்ஸ்ரேயில் கண்டு, பல் முளைப்பையும் சேர்த்துத் தடயவியல் மருத்துவர் சொல்லும் வயது, இருபுறமும் இரண்டாண்டு வரை தவறக்கூடும் என்று உச்ச நீதிமன்றம் 1982-இலேயே குறிப்பிட்டது. பதினேழா, பத்தொன்பதா என்பதே கேள்வியாக இருக்கும்போது அந்த இடைவெளியில் விடை கிடைக்காது; பள்ளிச் சான்றின் தேதியோ, பிழையாகவே இருந்தாலும், வழக்கு என்ற ஒன்று நினைவிலேயே இல்லாத காலத்தில் எழுதப்பட்டது.

எல்லாப் பள்ளித் தாளும் ஒன்றல்ல. தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு போக்சோ வழக்கில், பாதிக்கப்பட்ட பெண்ணின் வயதுக்கு ஆதாரமாகக் காட்டப்பட்ட மாற்றுச் சான்றிதழ் 94-ஆம் பிரிவு கேட்கும் ஆவணம் ஆகாது என்று 2023 ஜூலையில் உச்ச நீதிமன்றம் கூறியது; பாதிக்கப்பட்டவரின் வயதை அறியவும் இதே வரிசையே பின்பற்றப்படுவதால், டி.சி. இருக்கிறது என்று ஓய்ந்துவிடுவது இரு தரப்புக்குமே ஆபத்து.

இளஞ்சிறார் என்ற வாதத்தை எந்த நீதிமன்றத்திலும், எந்தக் கட்டத்திலும், இறுதித் தீர்ப்புக்குப் பிறகும்கூட எழுப்பலாம் என்கிறது 9-ஆம் பிரிவு. 1994-இல் புணேயில் நடந்த கொலைகளுக்காகத் தூக்குத் தண்டனை பெற்ற ஒருவருக்கு, சம்பவ நாளில் வயது பன்னிரண்டரைதான் என்று ராஜஸ்தான் பள்ளிச் சான்றைக் கொண்டு உச்ச நீதிமன்றம் முடிவு செய்து அவரை விடுவித்தபோது ஆண்டு 2023. அதற்குள் அவர் இருபத்தெட்டு ஆண்டுகளைச் சிறையில் கழித்திருந்தார். காலவரம்பு இல்லாத உரிமைதான் என்றாலும், கைதான பிள்ளையின் குடும்பம் முதன்முதலில் படித்த பள்ளியின் பிறந்த தேதிச் சான்றை முதல் வாரத்திலேயே கேட்டு வாங்கிவிடுவதே அதை உரிய காலத்தில் பயன்படுத்தும் வழி.