பெயர் டெல்லி... பேச்சு பாலக்காடு!

'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் கமல்ஹாசனுக்கு நான்கு வேடங்கள். அத்தனை கமலுக்கு நடுவிலும் ஒருவர் தனியாக நினைவில் நிற்கிறார். சமையல்காரர் காமேஸ்வரனின் வளர்ப்புத் தந்தை, பாலக்காடு மணி ஐயர். சிரிக்க வைக்கிறோம் என்ற நினைப்பே அந்த முகத்தில் தெரியாது. பிழைப்பு கெட்டுவிடக் கூடாதே என்று கவலைப்படும் நிஜ சமையல்காரராகவே இருப்பார். அதனால்தான் நமக்குச் சிரிப்பு வருகிறது.

அந்தப் பாலக்காட்டுத் தமிழைப் பேசியவருக்குப் பாலக்காடு சொந்த ஊர் இல்லை. பெயரில் இருக்கும் டெல்லியும் இல்லை. 1944 ஆகஸ்ட் 1-ம் தேதி, இன்றைய தூத்துக்குடி மாவட்டத்தின் வல்லநாட்டில் பிறந்த கணேசன் அவர்.

1964-ல் இந்திய விமானப் படையில் சேர்ந்தார். பகலில் உத்தியோகம், ஓய்வு நேரத்தில் நாடகம். டெல்லியில் இயங்கிய தட்சிண பாரத நாடக சபா அவருக்கு மேடை கொடுத்தது. பத்து ஆண்டுகள் கழித்து, 1974-ல் விமானப் படையிலிருந்து வெளியே வந்தார். மாதம் பிறந்தால் சம்பளம் என்ற நிம்மதி அத்தோடு போனது. சினிமாவில் யாரும் அவருக்காக நாற்காலி போட்டு வைத்திருக்கவில்லை.

கதவைத் திறந்தவர் கே.பாலசந்தர். 1977-ல் வெளியான 'பட்டினப் பிரவேசம்' முதல் படம். 'டெல்லி கணேஷ்' என்று பெயர் வைத்தவரும் அவர்தான். கிராமத்திலிருந்து பட்டணத்துக்குப் பிழைக்க வரும் குடும்பத்தின் கதை அது. நிஜத்திலும் அவர் அப்படித்தான் வந்திருந்தார். வயதோ முப்பதைத் தாண்டிவிட்டது.

கதாநாயகனாக நிற்கும் தோற்றம் தனக்கு இல்லை என்று அவர் ஓரமாக ஒதுங்கவில்லை. கிடைத்த வேடத்துக்கு உரிய பேச்சைப் பிடித்துக்கொண்டார். துரை இயக்கிய 'பசி'யில் (1979) ஷோபாவுக்கு அப்பா. சென்னைக் குடிசைப் பகுதியில் ரிக்‌ஷா இழுப்பவர். வல்லநாட்டுக்காரர் வாயில் மெட்ராஸ் பாஷை அச்சு அசலாக வந்தது. அந்த நடிப்புக்குத் தமிழக அரசின் சிறப்பு விருதும் கிடைத்தது.

'சிந்து பைரவி'யில் (1985) குடிப்பழக்கத்தால் கச்சேரியையே இழக்கும் மிருதங்க வித்வான் குருமூர்த்தி. அவரைக் கண்டித்து விரட்டும் பாடகர் ஜே.கே.பி.யே பின்னால் குடியில் விழுகிறார். முன்பு குருமூர்த்தி பட்ட அவமானம் நம் மனதில் தைத்திருப்பதால்தான், பாடகரின் வீழ்ச்சி அவ்வளவு வலிக்கிறது. துணை நடிகரின் வேலை அதுதானே!

'நாயகன்' படத்தில் இந்தி தெரியாத வேலு நாயக்கருக்கு வாயாக இருந்த ஐயர், 'அபூர்வ சகோதரர்க'ளில் வில்லன்களில் ஒருவரான பிரான்சிஸ் அன்பரசு, 'அவ்வை சண்முகி'யில் சேதுராம ஐயர் என ஆளுக்கொரு குணம். நானூறுக்கும் மேற்பட்ட படங்கள், தொலைக்காட்சித் தொடர்கள், கலைமாமணி விருது என்று ஓடிய பயணம் இது. பெயர் வாங்கிய பிறகும் புதிய இளைஞர்களின் குறும்படங்களில் தயங்காமல் நடித்தார். தன் மகன் மகா கதாநாயகனாக நடித்த 'என்னுள் ஆயிரம்' படத்தைத் தயாரிக்கவும் செய்தார்.

போஸ்டரில் பெரிய முகமாக அவர் இருந்தது அபூர்வம். ஆனால், திரையில் அவர் வந்துவிட்டால், 'இந்த அப்பாவை எங்கள் தெருவிலேயே பார்த்திருக்கிறேனே' என்று தோன்றும்.

2024 நவம்பரில், 80 வயதில், சென்னையில் காலமானார். திரையுலகமே அஞ்சலி செலுத்திய அந்த வீட்டுக்கு, சீருடையில் விமானப் படையினரும் வந்து மரியாதை செய்தார்கள். அவர் அந்த வேலையிலிருந்து வெளியே வந்து அப்போது ஐம்பது ஆண்டுகள் ஆகியிருந்தன.