பொன்னிறப் போர்வைக்குள் என்ன?

கட்லெட் என்றால் நமக்குத் தெரியும். உருளைக்கிழங்கை வேகவைத்து மசித்து, பட்டாணியும் காரட்டும் சேர்த்து, தட்டையாகத் தட்டி, ரஸ்க் தூளில் புரட்டி எண்ணெயில் பொரித்து எடுப்பார்கள். ரயில் நிலையச் சிற்றுண்டிச் சாலைகளிலும் காபி ஹவுஸிலும் தக்காளி சாஸோடு தட்டில் வரும். ஆனால் இந்தப் பெயரின் பூர்வீகத்தைத் தேடிப் போனால் வேடிக்கையாக இருக்கிறது. பிரெஞ்சு மொழியிலே ‘கோத்லெத்’ என்றால் சிறிய விலா எலும்பு! எலும்போடு கூடிய இறைச்சித் துண்டுக்கு ஏற்பட்ட பெயர் ஆங்கிலத்தின் வழியாக நம் நாட்டுக்கு வந்தது. வந்த இடத்தில் எலும்பையும் இழந்தது, இறைச்சியையும் இழந்தது; கடைசியில் உருளைக்கிழங்கின்மேல் ஏறி உட்கார்ந்துகொண்டது. மிச்சம் இருப்பது அந்த ரஸ்க் தூள் போர்வை ஒன்றுதான்.

போர்வை என்றால் உள்ளே இருப்பது கண்ணுக்குத் தெரியாது அல்லவா? நம் உருளைக்கிழங்கு கட்லெட்டில் இதனால் பெரிய நஷ்டம் ஒன்றும் இல்லை. ஆனால் இறைச்சியைப் போர்த்திப் பொரிக்கும் நாடுகளில் ‘உள்ளே என்ன?’ என்ற கேள்வி சாதாரணக் கேள்வியாக இருக்கவில்லை. அதற்காகச் சட்டங்கள் பிறந்தன; அதற்கு முன்னால் உயிர்களும் போயின.

மைன் நதிக்கரைப் பதார்த்தம்

ஜெர்மனியில் மைன் நதிக்கரையில் இருக்கிறது பிராங்க்பர்ட் நகரம். அந்த ஊர் உணவு விடுதிகளில் ‘பிராங்க்பர்ட் ஷ்னிட்சல்’ என்று கேட்டால், பொன்னிறமாகப் பொரித்த மெல்லிய இறைச்சித் துண்டு ஒன்று தட்டை அடைத்துக்கொண்டு வரும். பக்கத்திலே வேகவைத்த அல்லது வறுத்த உருளைக்கிழங்கு. அதோடு பாலேட்டில் குழைத்த, குளிர்ந்த பச்சைக் குழம்பு ஒன்று. இதற்குப் பெயரே ‘பச்சைச் சாஸ்’தான். பெரும்பாலும் பன்றி இறைச்சியில்தான் இதைச் செய்கிறார்கள்.

நம் வாசகர்களில் பலர் இறைச்சியையே தொடாதவர்கள். இறைச்சி உண்பவர்களிலும் பலர் பன்றி இறைச்சியை விலக்குபவர்கள். ஆனாலும் இந்தப் பதார்த்தத்தின் கதை எல்லோருக்கும் உரியது. காசு கொடுத்து உணவு வாங்குகிற ஒவ்வொருவருக்கும் இதில் ஒரு பங்கு உண்டு.

கன்றா, பன்றியா?

ஷ்னிட்சல் என்றதும் உலகம் நினைப்பது வியன்னாவைத்தான். ‘வீனர் ஷ்னிட்சல்’, அதாவது வியன்னா ஷ்னிட்சல், கன்றின் இறைச்சியில் செய்வது. கன்று இறைச்சி விலை அதிகம். பன்றி இறைச்சி மலிவு. ஆகவே வீடுகளிலும் தொழிற்சாலைச் சிற்றுண்டிச் சாலைகளிலும் பன்றி இறைச்சியே வாணலியில் ஏறியது. மாவும் முட்டையும் ரொட்டித் தூளும் பூசிப் பொரித்துவிட்டால், பார்வைக்கு இரண்டுக்கும் அதிக வித்தியாசம் இராது. மலிவான பண்டத்தைப் பொரித்து, உயர்ந்த பண்டத்தின் பெயரையும் விலையையும் வைத்துவிடலாம் அல்லவா?

இந்த இடத்தில்தான் விதி குறுக்கே நிற்கிறது. ஆஸ்திரியாவிலும் ஜெர்மனியிலும் வெறுமனே ‘வீனர் ஷ்னிட்சல்’ என்று எழுதினால் உள்ளே இருப்பது கன்று இறைச்சியாகவே இருக்க வேண்டும். பன்றியானால் ‘பன்றியில் செய்த வீனர் ஷ்னிட்சல்’ என்றோ, ‘வியன்னா பாணி ஷ்னிட்சல்’ என்றோதான் போட வேண்டும். பன்றி இறைச்சி மட்டம் என்று யாரும் சொல்லவில்லை. அதை அதன் பெயராலேயே விற்கவேண்டும் என்பதுதான் விதி.

பெயரைப் போலவே கதையிலும் கலப்படம் நடந்தது. ஆஸ்திரியப் படைத் தளபதி ராடெட்ஸ்கி இத்தாலியிலுள்ள மிலான் நகரிலிருந்து இந்தச் சமையல் வித்தையை வியன்னாவுக்குக் கொண்டுவந்தார் என்று வெகு காலம் சொல்லிவந்தார்கள். மொழியியல் அறிஞர் ஹைன்ஸ் டீட்டர் போல் இதைத் துருவிப் பார்த்து, ஆதாரம் இல்லாத கட்டுக்கதை என்று 2007-ல் எடுத்துக் காட்டினார். சுவையான கதைதான், ஆனால் உள்ளே சரக்கு இல்லை!

ஒரு பணிப்பெண்ணின் மரணம்

விலையில் ஏமாறினால் பணத்தோடு போயிற்று. பன்றி இறைச்சியில் அதைவிடப் பெரிய அபாயம் ஒன்று ஒளிந்திருந்தது.

1860-ஆம் ஆண்டு ஜனவரியில், டிரெஸ்டன் நகர மருத்துவமனையில் ஓர் இளம் பணிப்பெண் சேர்க்கப்பட்டாள். கடுமையான காய்ச்சல், உடம்பெல்லாம் தாங்கமுடியாத தசை வலி. டைபாய்டு என்று எண்ணினார்கள். அவள் இறந்துபோனாள். பிரேதத்தைப் பரிசோதித்த டாக்டர் பிரீட்ரிக் ஸெங்கர், தசைகளை மைக்ராஸ்கோப்பில் வைத்துப் பார்த்தபோது திடுக்கிட்டார். ‘டிரிக்கினா’ என்னும் நுண்புழுக்கள் தசை முழுவதும் நிறைந்திருந்தன! அவள் வேலை பார்த்த பண்ணையில் கிறிஸ்துமஸுக்காகப் பன்றி அடித்திருந்தார்கள். மிச்சமிருந்த இறைச்சியைச் சோதித்தார் ஸெங்கர். அதிலும் அதே புழுக்கள்.

அதற்கு முன்னால் இந்தப் புழுவைக் கண்டவர்கள் உண்டு. ஆனால் அது மனிதனைக் கொல்லும் என்று ஐயத்துக்கு இடமில்லாமல் நிரூபித்தது இந்தச் சம்பவம்தான். ஐந்து ஆண்டுகள் கழித்து, 1865-ல், ஹெடர்ஸ்லேபன் என்ற ஊரில் பன்றி இறைச்சியைக் கொத்திப் பச்சையாகவே தின்றவர்களில் 337 பேர் நோயில் விழுந்தார்கள். 101 பேர் மாண்டார்கள். ஒரு சிற்றூருக்கு அது எப்பேர்ப்பட்ட இடி என்று சொல்லவும் வேண்டுமா?

புகழ்பெற்ற மருத்துவ மேதை ருடால்ப் விர்ஹோ இறைச்சிச் சோதனையைக் கட்டாயமாக்க வேண்டும் என்று வாதாடினார். கசாப்புக்காரர்கள் பலர் எதிர்த்தார்கள். ஆனாலும் பிரஷ்யாவில் 1877-ல் சோதனை கட்டாயமாயிற்று. 1900-ல் ஜெர்மன் சாம்ராஜ்யம் முழுமைக்கும் இறைச்சிப் பரிசோதனைச் சட்டம் வந்தது. மைக்ராஸ்கோப்பும் கையுமாக உட்கார்ந்து இறைச்சியைப் பார்ப்பதற்கென்றே ஆட்கள் நியமிக்கப்பட்டார்கள்.

இந்தப் புழுவுக்கு எமன் நெருப்புதான். பன்றித் துண்டு உட்புறத்தில் 63 டிகிரி சென்டிகிரேடு சூட்டை அடைந்து, இறக்கிய பிறகு 3 நிமிடமாவது இருக்க வேண்டும் என்பது அமெரிக்க அரசின் உணவுத் துறை 2011-ல் வகுத்த அளவு. முழுத் துண்டுக்குத்தான் இது; கொத்திய இறைச்சிக்கு இன்னும் கூடுதல் சூடு வேண்டும். மெல்லிசாகத் தட்டிப் பொரிக்கும் ஷ்னிட்சலில் நடுப்பாகம் வரை சூடு எளிதில் பாய்ந்துவிடுகிறது. மெல்லிசாகத் தட்டுவது அழகுக்கு மட்டும் அல்ல!

பொரிக்கும் பக்குவம்

நான்கு பேருக்குக் கணக்குச் சொல்கிறோம். பன்றியின் முதுகுப் பகுதி இறைச்சியை, நரம்போட்டத்துக்குக் குறுக்கே, எலும்பில்லாமல் நான்கு துண்டுகளாக வெட்டிக்கொள்ள வேண்டும். துண்டு ஒன்று 120 முதல் 150 கிராம் இருக்கலாம். ஓரத்தில் இருக்கும் கொழுப்பைக் கத்தியால் இரண்டு மூன்று இடத்தில் கீறிவிட்டால் பொரியும்போது சுருளாது. பிறகு 4 அல்லது 5 மில்லிமீட்டர் கனத்துக்குத் தட்ட வேண்டும். கனம் எல்லா இடத்திலும் ஒன்றுபோல இருப்பது முக்கியம். இல்லாவிட்டால் ஓரம் கருகும், நடு வேகாது.

உப்பும் மிளகுத் தூளும் தூவி, முதலில் மைதா மாவிலும், அடுத்து அடித்த முட்டையிலும், கடைசியில் காய்ந்த ரொட்டித் தூளிலும் புரட்ட வேண்டும். தூளை அழுத்தக் கூடாது. தானாக ஒட்டுகிற அளவே போதும். புரட்டியதை வைத்துக்கொண்டு வேறு வேலை பார்க்கவும் கூடாது. தூள் ஈரத்தை உறிஞ்சிக் கனத்துப்போகும். உடனே வாணலியில் இட வேண்டும்.

எதிலே பொரிப்பது? சாதாரண வெண்ணெயில் இருக்கும் பால் துகள்கள் கருகிவிடும். அதனால் உருக்கித் தெளியவைத்த வெண்ணெயை அவர்கள் பயன்படுத்துகிறார்கள். அது வேறொன்றும் அல்ல, நம் நெய்யின் உடன்பிறப்புதான்! பன்றிக் கொழுப்பிலும் எண்ணெயிலும் பொரிப்பது உண்டு. எதுவானாலும் துண்டு மிதக்கிற அளவு ஊற்றி, 170 டிகிரிச் சூட்டில் பொரிக்க வேண்டும். மரக்கரண்டியின் காம்பை அமிழ்த்தினால் சுற்றிலும் குமிழிகள் சட்டென்று எழுவதே பதம். பக்கத்துக்கு இரண்டு, மூன்று நிமிடம் போதும்.

பொரியும்போது வாணலியை மெல்ல ஆட்டிக்கொடுப்பார்கள். சூடான நெய் துண்டின் மேலும் ஏறிப் படியும். இறைச்சியிலுள்ள ஈரம் ஆவியாகி வெளியே வரப் பார்க்கும். முட்டைப் பூச்சு அதை மறிக்கும். ஆவி முட்டிப் போர்வையைத் தூக்கிவிடும். நல்ல ஷ்னிட்சலின் மேல் அலை அலையாகக் காணும் மடிப்புகளின் ரகசியம் இதுதான். தூளை அழுத்தி ஒட்டியிருந்தால் அந்த அலை எழும்பாது.

ஏழு தழைகள்

இனிப் பச்சைச் சாஸுக்கு வருவோம். இதிலே சேருபவை ஏழு தழைகள்: பார்ஸ்லி, சைவ்ஸ், சோரல், செர்வில், கிரெஸ், போரேஜ், பர்னெட். சைவ்ஸில் வெங்காய வாசனை. சோரலில் நம் புளியாரையை நினைவூட்டும் புளிப்பு. செர்வில் இலையில் சோம்பின் சாயல். கிரெஸ் கடுகு போலக் காரம். போரேஜும் பர்னெட்டும் வெள்ளரிக்காய் மணம். இவற்றையெல்லாம் சேர்த்துப் பிடிப்பது பார்ஸ்லி. வட ஹெஸ்ஸிப் பகுதியில் டில் என்னும் தழையும் சேர்ப்பார்கள். பிராங்க்பர்ட்காரர்களிடம் அதைச் சொன்னால் முகம் சுளிப்பார்கள்!

ஏழும் சேர்ந்து 250 கிராம் அளவுக்கு எடுத்துக் கழுவி, நீர் வடியவிட்டு, கத்தியால் பொடியாக அரிய வேண்டும். புளிக்கவைத்த பாலேடு 250 கிராம், கெட்டித் தயிர் 150 கிராம், கடுகு விழுது ஒரு தேக்கரண்டி, எண்ணெய் இரண்டு மேஜைக்கரண்டி, எலுமிச்சைச் சாறு ஒரு மேஜைக்கரண்டி, உப்பு, மிளகு, ஒரு சிட்டிகைச் சர்க்கரை ஆகியவற்றைச் சேர்த்துக் கலக்க வேண்டும். வேகவைத்த முட்டை நான்கைப் பொடியாக நறுக்கிப் போட வேண்டும். அடுப்பில் ஏற்றும் வேலையே இல்லை. அரை மணி நேரம் குளிர்ச்சியில் வைத்தால் தழையின் மணம் பாலேட்டில் இறங்கிவிடும்.

இந்தச் சாஸுக்கு ஒரு நாளும் உண்டு. ஈஸ்டருக்கு முந்திய பெரிய வியாழக்கிழமையை ஜெர்மானியர் ‘பச்சை வியாழன்’ என்பார்கள். வழக்கப்படி அன்றுதான் பச்சைச் சாஸின் பருவம் தொடங்கும். தவக்காலம் ஆனதால் முட்டையும் உருளைக்கிழங்குமே துணை. ஷ்னிட்சல் மற்ற நாட்களுக்கு. அந்த ஊரில் 1749-ல் பிறந்த மகாகவி கதேக்கு இது உயிர் என்றும், அவருடைய தாயார்தான் கண்டுபிடித்தார் என்றும் சொல்வது உண்டு. இதற்கும் ஆதாரம் கிடையாது. ராடெட்ஸ்கி கதைக்கு இது தங்கை!

தோட்டக்காரர்களின் பெயர்

பொடியாக அரிந்து பாலேட்டில் கலந்துவிட்டால், எந்தத் தழை எவ்வளவு, அது எங்கே விளைந்தது என்று யார் கண்டார்கள்? மலிவாகக் கிடைக்கும் பார்ஸ்லியை வாரிப் போட்டு, மற்றவற்றைப் பேருக்குத் தூவிவிடலாம். வெகு தொலைவிலிருந்து வந்த கட்டுக்கும் பிராங்க்பர்ட் பெயரை ஒட்டிவிடலாம். பாதிக்கப்படுகிறவர்கள் யார்? நகரின் தெற்கே ஓபர்ராட் பகுதியில் தலைமுறை தலைமுறையாக இந்த ஏழு தழைகளையும் பயிரிட்டு வரும் தோட்டக்காரர்கள். நகரம் வளர வளர நிலம் சுருங்கியது; தோட்டங்களும் குறைந்தன. கடைசியில் மிஞ்சிய சொத்து பெயர் ஒன்றுதான். அதுவும் போய்விட்டால்?

அவர்கள் போராடினார்கள். 2016-ல் ஐரோப்பிய ஒன்றியம் ‘பிராங்க்பர்ட் பச்சைச் சாஸ்’ என்ற பெயருக்குப் புவிசார் பாதுகாப்பு வழங்கியது. ஏழு தழைகளும் இருக்க வேண்டும். எந்த ஒன்றும் மொத்த எடையில் 30 சதவிகிதத்துக்கு மேல் போகக் கூடாது. இன்றைக்கும் ஏழையும் வெள்ளைக் காகிதத்தில் சுருட்டிக் கட்டாக விற்கிறார்கள். ஓபர்ராட் வயல் நடுவே, ஏழு சிறு கண்ணாடி வீடுகளை ஒவ்வொன்றும் ஒரு பச்சை நிறத்தில் அமைத்து, 2007-ல் இந்தச் சாஸுக்கு நினைவுச் சின்னமே எழுப்பிவிட்டார்கள்! 2008 முதல் நகரில் இதற்கென்று விழாவும் நடக்கிறது. வந்தவர்கள் ருசி பார்த்து ஓட்டுப் போட்டுச் சிறந்த சாஸைத் தேர்ந்தெடுக்கிறார்கள்.

பரிமாறும்போது ஒன்றை மறக்கக் கூடாது. சாஸை ஷ்னிட்சலின் தலையில் ஊற்றிவிட்டால், பாடுபட்டு எழுப்பிய மொறுமொறுப்பு இரண்டு நிமிடத்தில் நமுத்துப்போகும். பக்கத்தில்தான் வைக்க வேண்டும். ஒவ்வொரு துண்டாகத் தொட்டுத்தான் சாப்பிட வேண்டும்.

ஒரு தட்டு உணவுக்கு இத்தனை சட்டமா என்று சிலர் சிரிக்கலாம். டிரெஸ்டனில் இறந்த பணிப்பெண்ணுக்குத் தான் தின்றதில் என்ன இருந்தது என்று கடைசி வரை தெரியாது. ஓபர்ராட் தோட்டக்காரனின் தழையை, அரிந்து கலந்த பிறகு, அவனே அடையாளம் காணமாட்டான். மூடிய பண்டத்தை வாங்குகிறவன் விற்பவனின் சொல்லை நம்பித்தான் வாயில் வைக்கிறான். அந்தச் சொல் பொய்யாகாமல் பார்த்துக்கொள்ளத்தான் இத்தனை பாடும். இனி எந்தக் கடையிலாவது பொன்னிறமாக ஒரு பண்டம் தட்டில் வந்தால், ‘உள்ளே என்ன?’ என்று கேட்கத் தயங்காதீர்கள். நல்ல கடைக்காரர் கோபித்துக்கொள்ளமாட்டார்.